ஆரின் டாக்கெட்டோடு யாரும் பேசாத சாயங்காலம்

வேலையிலிருந்து நீக்கப்படுவதில் ஆரின் டாக்கெட்டுக்கு இருந்த அனுபவம் பந்து வீசுவதில்கூட அவருக்கு இருந்ததில்லை. கென்டக்கி நிலக்கரிச் சுரங்கத்துக்குள் இறங்க மனமில்லாமல் பதினெட்டு வயதில் பேஸ்பால் பந்தைக் கையில் எடுத்தவர். இப்போது முப்பத்தெட்டு. இடையில் எத்தனையோ அணிகள் அவரைச் சேர்த்துக்கொண்டன, சேர்த்துக்கொண்ட அத்தனையும் கழற்றியும் விட்டன. எல்லா ஊரிலும் ஒரே சடங்குதான். மேனேஜர் தன் அறைக்குக் கூப்பிடுவார். தரை விரிப்பைப் பார்த்துக்கொண்டே "உக்காரு ஆரின்" என்பார். அதனாலேயே யார் "உக்காரு" என்றாலும் இவர் கை பெட்டியைத் தேடும். பல் பிடுங்கப் போன இடத்தில் டாக்டர் அன்பாக உட்காரச் சொன்னதற்கு, "எந்த ஊருக்கு டிக்கெட் போட்டிருக்கீங்க?" என்று கேட்டவர் அவர்.

பெரிய லீகையும் அவர் பார்த்திருக்கிறார். ஒரு கோடையில் சில வாரம். அங்கே அவர் வீசிய முதல் பந்தை இன்னும் தேடிக்கொண்டிருப்பதாகக் கேள்வி. அதன் பிறகு தோளில் கத்தி வைத்தார்கள், வேகம் போய்விட்டது. மிஞ்சியது கொஞ்சம் சூதும் நிறைய பிடிவாதமும்தான். அவர் கையை விட்டுக் கிளம்பும் பந்து, போகலாமா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டே போகும். அந்த யோசனை முடிவதற்குள் பாதிப் பேர் மட்டையைச் சுழற்றிவிட்டு அவமானத்தோடு நிற்பார்கள். மீதிப் பேர் நிதானமாகக் காத்திருந்து வேலிக்கு அப்பால் அனுப்புவார்கள்.

"பெரிசு, உன் பந்து வந்து சேர்றதுக்குள்ள நான் எங்கம்மாவுக்கு ஒரு லெட்டர் எழுதி ஸ்டாம்பும் ஒட்டிடுவேன்" என்பான் யூசேபியோ. டொமினிக்கன் நாட்டுக்காரன், அணியின் கேட்சர். மட்டைக்காரனுக்குப் பின்னால் குந்தியிருந்து ஆரினின் பந்துகளைப் பிடிப்பவன். வாய் ஓயாதவன். ஆரினைத் திட்டாமல் அவனுக்குச் சோறு இறங்காது.

இது நடந்த ஆண்டு ஆரின் எங்கள் கட்லர் ஊரில் இருந்தார். டென்னஸியில் ஆற்றோரமாக ஒரு சின்ன ஊர். அணிக்குப் பெயர் கெளுத்திகள். பெரிய லீகுக்கு இரண்டு படி கீழே. கெளுத்திக்கு மீசையாவது அழகு, இந்த அணிக்கு அதுவும் கிடையாது. ஆனாலும் சனிக்கிழமையானால் ஊரே மைதானத்தில்தான் இருக்கும். வேறு போக்கிடம் இல்லை.

அந்தச் சனிக்கிழமை வீச வேண்டிய பிட்சர், முந்தின நாள் வழியோரக் கடையில் சிப்பி தின்றுவிட்டுக் கழிப்பறையோடு குடும்பம் நடத்திக்கொண்டிருந்தான். ஆகவே ஆரினை வீசச் சொன்னார்கள். மதியம் துணி துவைக்கும் அறையில், துண்டு மூட்டைகளுக்குப் பின்னால், அவர் ஒரு குட்டித் தூக்கம் போட்டுக்கொண்டிருந்தார். அடுத்த அறைதான் மேனேஜர் பர்ல் ஹெனெஸியின் ஆபீஸ். நடுவில் இருப்பது ஒட்டுப்பலகைச் சுவர். ஒருத்தர் கொட்டாவி விட்டால் மற்றவருக்குத் தூக்கம் வரும்.

"இன்னைக்கே சொல்லிடுங்க மிஸ்டர் ஹெனெஸி" என்றது ஒரு புதுக் குரல். தலைமை அலுவலகத்திலிருந்து வந்திருந்த பிரெஸ்டன் விட்கோம். மேல்படிப்பு படித்தவர். பேஸ்பாலைக் கணக்காக மட்டுமே பார்த்தவர். "புது பிட்சர் ராத்திரி பஸ்ல வந்து இறங்குறார். டாக்கெட்டை எடுத்தாத்தான் அவருக்கு இடம். நாலு இன்னிங்ஸ் போகும், அடி வாங்குவார், வெளிய எடுத்துடுங்க. எடுத்த கையோட விஷயத்தைச் சொல்லிடுங்க."

"ஆட்டம் முடிஞ்சதும் சொல்றேனே சார்."

"போன வருஷம் ஒருத்தரைப் பத்தியும் இப்படித்தான் சொன்னீங்க. அந்த ஆள் இன்னும் உங்க டீம்லதான் விளையாடுறார்."

பர்லின் குணம் அப்படி. ஈயை அடிக்கக்கூட இரண்டு நாள் யோசிப்பார்.

துண்டு மூட்டைக்குப் பின்னால் ஆரின் கண்ணைத் திறந்தபடி படுத்திருந்தார். இதற்கு முன்னால் ஒவ்வொரு தடவையும், இந்த ஊர் போனால் இன்னொரு ஊர் என்று மனதைத் தேற்றிக்கொள்ள முடிந்தது. முப்பத்தெட்டு வயதுத் தோளுக்கு இனி எந்த ஊரும் கதவைத் திறக்காது. இதோடு சரி. ஊரில் மனைவி டெல்மாவின் அண்ணன் டயர் கடை வைத்திருக்கிறான். "எப்ப வர்றீங்க மாப்ளே?" என்று ஒவ்வொரு கிறிஸ்துமஸுக்கும் கேட்பான். அவன் நல்லவன்தான், டயரும் நல்ல பொருள்தான். ஆனால் நினைத்தாலே ஆரினுக்கு ரப்பர் வாடை மூக்கில் ஏறியது.

ஆட்டம் தொடங்கியது. எதிரணி மரவெட்டிகள். ஒவ்வொருத்தனும் பெயருக்கேற்ற உடம்பு. ஆரின் கை அன்றைக்கு ஒரு தினுசாக இருந்தது. பந்து எங்கே போகிறது என்று பந்துக்கே தெரியவில்லை. ஒருத்தன் மேலே அடித்தான், பிடித்தார்கள். ஒருத்தன் தரையில் உருட்டினான், எடுத்து எறிந்தார்கள். நடுநடுவே பந்தைத் தாறுமாறாகப் போட்டு, நாலைந்து பேரை அடிக்காமலேயே முதல் தளத்துக்கு நடக்கவிட்டார். சக ஆட்டக்காரர்களும் பந்தைக் கைநழுவவிட்டுத் தங்கள் பங்குக்கு உதவினார்கள். தளங்களில் எப்போது பார்த்தாலும் யாராவது நின்றுகொண்டிருந்ததால், வழக்கம்போல் மோசமாகத்தான் வீசுகிறோம் என்று நினைத்துக்கொண்டார் ஆரின். ஒவ்வொரு இன்னிங்ஸ் முடிவிலும், இதோ பர்ல் வரப்போகிறார், இதோ கையை நீட்டிப் பந்தை வாங்கப்போகிறார் என்று காத்திருந்தார்.

ஐந்தாவது இன்னிங்ஸ் முடிந்து, ஆட்டக்காரர்கள் உட்காரும் பள்ளத்துக் கொட்டகைக்குள் இறங்கி வந்தபோதுதான் அவருக்கு உறைத்தது. யாரும் பேசவில்லை.

யூசேபியோ பெஞ்சின் கடைக்கோடிக்குப் போய்ச் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருந்தான். திட்டவில்லை. லெட்டர் இல்லை, ஸ்டாம்ப் இல்லை. வாயில் கொழுக்கட்டை. எப்போதும் ஆரினின் பையில் கைவிட்டுச் சூரியகாந்தி விதை திருடும் முதல் தளத்துக்காரன் போமன், ஆறரை அடி ஆள், கையைப் பிசைந்துகொண்டு அந்தப் பக்கமாகத் திரும்பிக்கொண்டான். ஆரினைச் சுற்றிப் பெஞ்சு காலி.

விஷயம் கசிந்துவிட்டது என்று நினைத்தார் ஆரின். வேலை போனவனை ஆட்டக்காரர்கள் அம்மை கண்டவனைப் போலத்தான் நடத்துவார்கள். அருகில் போனால் தமக்கும் ஒட்டிக்கொள்ளும் என்று பயம். சரி, போகட்டும் என்று தண்ணீரைக் குடித்துவிட்டு நிமிர்ந்தார். எதிரே ஸ்கோர் பலகையில் மரவெட்டிகளின் ஓட்டம் பூஜ்யம். அதில் அதிசயமில்லை. அதற்குப் பக்கத்தில், அவர்கள் ஒழுங்காக அடித்த அடிகளின் கட்டம். அங்கேயும் பூஜ்யம்.

ஆரினுக்குத் தண்ணீர் புரையேறியது.

எதிரணியில் ஒருத்தன்கூட ஒழுங்காக ஒரு அடி அடித்துத் தளம் சேராமல் ஒரு பிட்சர் முழு ஆட்டத்தையும் முடிப்பதென்றால், கிரிக்கெட்டில் ஒரே ஆள் பத்து விக்கெட்டும் எடுக்கிற மாதிரி. நடக்கவிட்டதும் கைநழுவவிட்டதும் அடிக் கணக்கில் சேராது. பலருக்கு ஆயுளில் ஒரு தடவைகூட வாய்க்காது. அது நடந்துகொண்டிருக்கும்போது ஒரு கட்டுப்பாடு உண்டு. அந்த பிட்சரோடு பேசக் கூடாது. பக்கத்தில் உட்காரக் கூடாது. அந்தச் சமாச்சாரத்தின் பெயரை எடுக்கவே கூடாது. எடுத்தால் அடுத்த பந்திலேயே அடி விழும். சட்டப் புத்தகத்தில் இது இல்லை. சட்டப் புத்தகத்தில் இருப்பதையெல்லாம் இவர்கள் மீறுவார்கள், பந்தில் எச்சில் துப்புவார்கள், நடுவரின் தாயைப் பற்றி விசாரிப்பார்கள். இதை மட்டும் மீற மாட்டார்கள்.

அப்போது ஆரினுக்கு இரண்டாவது விஷயம் புரிந்தது. யாரும் தன்னோடு பேசக் கூடாதென்றால், பர்லும் பேச முடியாது. பேச முடியாதென்றால் வேலையை விட்டு எடுக்கவும் முடியாது. ஒரு அடி விழுகிறவரை இந்த உலகத்தில் ஒருத்தராலும் தன்னை அசைக்க முடியாது. இருபது வருஷத்தில் இவ்வளவு பத்திரமான வேலையில் அவர் இருந்ததே இல்லை.

கூரைக்கு மேலே பணக்கார நாற்காலிகளில் உட்கார்ந்திருந்த பிரெஸ்டன் பொறுமையிழந்து கொட்டகைக்குள் இறங்கி வந்தார். இஸ்திரி கலையாத சட்டை, பளபளவென்று பூட்ஸ்.

"ஏன் இன்னும் வெளிய எடுக்கலை?" என்றார் பர்லிடம்.

பர்ல் அவரைத் தூணுக்குப் பின்னால் இழுத்துப் போனார். "முடியாது சார். அது நடந்துட்டு இருக்கு."

"எது?"

"அது."

"எது அது?"

"அதைச் சொல்லக் கூடாது சார்."

"யார் சொல்லக் கூடாதுன்னாங்க?"

"அதையும் சொல்லக் கூடாது." பர்லுக்கு வியர்த்துக் கொட்டியது. "பலகையைப் பாருங்க. ரெண்டாவது கட்டம். வாய்விட்டுப் படிச்சிடாதீங்க. இப்ப நான் அவனை எடுத்தா ஜனங்க என் காரைக் கொளுத்துவாங்க சார். உள்ள என் பொண்டாட்டி உக்காந்திருந்தாலும் கொளுத்துவாங்க. அவளே தீக்குச்சி கொடுத்தாலும் கொடுப்பா."

"இதெல்லாம் மூடநம்பிக்கை. நீங்க சொல்லலைன்னா நானே சொல்றேன்" என்று பிரெஸ்டன் நடந்தார். நான்கடி போனதும் எதிரே ஒரு சுவர் எழுந்து நின்றது. போமன்.

"எங்க சார் கிளம்பிட்டீங்க?" என்றான் மெதுவாக.

"அவர்கிட்ட ஒரு வார்த்தை."

"வார்த்தையை முழுங்கிடுங்க சார். உடம்புக்கு நல்லது."

வேறு வழியில்லாமல் பிரெஸ்டன் அங்கேயே நின்று, ஒரு காலைத் தூக்கித் தண்ணீர்ப் பெட்டிமேல் வைத்துக்கொண்டார். ஆறாவது இன்னிங்ஸ் தொடங்கியது. முதல் மரவெட்டி அடித்த அடி வேலியைப் பார்த்துப் பறந்தது. அடி விழுந்தாயிற்று என்றுதான் எல்லோரும் நினைத்தார்கள். வெளிக்களத்தில் நின்ற குள்ளன் ஒருவன், தன் வாழ்நாளில் எதையும் ஒழுங்காகப் பிடிக்காதவன், ஓடிப்போய்த் தாவி வேலிமேல் தொங்கிக்கொண்டு பந்தைப் பிடித்துவிட்டான்.

கொட்டகையில் ஒருத்தரும் கைதட்டவில்லை. எல்லோரும் மெல்லத் திரும்பி, தண்ணீர்ப் பெட்டிமேல் இருந்த பிரெஸ்டனின் காலைப் பார்த்தார்கள்.

"சார்" என்றார் பர்ல் நடுங்கும் குரலில். "அந்தக் காலை எடுக்காதீங்க."

"என்னது?"

"கும்பிட்டுக் கேட்டுக்கறேன். அது அங்கயே இருக்கட்டும்."

பிரெஸ்டன் சிரித்தார். சிரித்தவர் அவர் ஒருத்தர்தான் என்று கண்டதும் நிறுத்திக்கொண்டார். பெஞ்சில் இருந்தவர்களின் கையில் மட்டைகள் இருந்தன. கால் அங்கேயே இருந்தது.

ஆரினுக்குக் கொண்டாட்டம். இப்படி ஒரு அதிகாரம் ராஜாவுக்குக்கூட இருந்திருக்காது. பர்லின் சொந்த வேர்க்கடலைப் பையை எடுத்துக் கொறித்தார், ஒருத்தரும் கேட்கவில்லை. "இன்னைக்குக் காத்து நல்லா இருக்குல்ல?" என்றார் பொதுவாக. இரண்டு பேர் பதறி எழுந்து ஓடினார்கள். பிறகு நேராகப் போய் பர்லுக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்தார். பர்ல் எழுந்து மறுகோடிக்குப் போனார். ஆரினும் எழுந்து மறுகோடிக்குப் போனார். பர்ல் தூணைச் சுற்றினார். ஆரினும் சுற்றினார். துரத்தி வேலையை விட்டு எடுக்க வேண்டியவர் ஓட, எடுக்கப்பட வேண்டியவர் துரத்துவதைக் கண்டு மேலே உட்கார்ந்திருந்த ஜனங்கள் வேர்க்கடலையை மறந்து எட்டிப் பார்த்தார்கள்.

"என்ன தலைவரே, ஏதோ சொல்லணும்னு இருந்தீங்களாமே?" என்றார் ஆரின்.

பர்ல் காதைப் பொத்திக்கொண்டார்.

ஆறாவது முடிந்தது, ஏழாவது முடிந்தது. கெளுத்திகள் எப்படியோ ஒரு ஓட்டம் எடுத்து முன்னிலையில் இருந்தார்கள். ஒவ்வொரு தடவை ஆரின் பந்து வீசும் மேட்டில் ஏறி எதிரணியைப் பார்த்துத் திரும்பும்போதும் பின்பக்கத்து ஜனங்கள் ஓவென்று கத்திச் சிரித்தார்கள். அன்பு மிகுதி என்று எடுத்துக்கொண்டு தொப்பியைத் தூக்கிக் காட்டினார்.

எட்டாவதில் அந்த விளையாட்டுப் புத்தியெல்லாம் அடங்கியது. தோளுக்குள் சூடான கம்பியைச் செருகிய மாதிரி வலித்தது. வலியோடு வேறொன்றும் வந்தது. அவருக்கு இது வேண்டும் என்று தோன்றிவிட்டது. வேலைக்காக இல்லை, தப்பிப்பதற்காக இல்லை, இதுவே வேண்டும். எதையும் வேண்டும் என்று நினைப்பதை அவர் எப்போதோ விட்டிருந்தார். ஆசைப்படாதவனுக்கு ஏமாற்றமில்லை என்று அதைச் சாமர்த்தியமாகக்கூட நினைத்திருந்தார். இப்போது நெஞ்சு அடித்துக்கொண்ட வேகத்தில் அந்தச் சாமர்த்தியம் எந்த மூலைக்குப் போனதோ. பயம் வந்தது. பேச்சுத்துணைக்கு ஒரு ஆள் கிடைத்தால் தேவலை என்றிருந்தது. யூசேபியோவைப் பார்த்தார். அவன் கண்ணை மூடிச் சிலுவைக்குறி போட்டுக்கொண்டிருந்தான்.

கொட்டகையில் இன்னொருவர் வேறு விதத்தில் தவித்துக்கொண்டிருந்தார். வெயிலுக்கு எலுமிச்சைப் பானத்தைப் பெரிய கோப்பையில் குடித்திருந்தார் பிரெஸ்டன். தண்ணீர்ப் பெட்டிமேல் ஒற்றைக் காலும், முகத்தில் தவசிக்களையுமாக நின்றார்.

"நான் ஒரு நிமிஷம் பாத்ரூம்..." என்றார்.

"ஒன்பதாவது முடியட்டும் சார்" என்றான் போமன்.

"மனுஷனால முடியாதுய்யா."

"அந்தக் கோப்பை காலியாத்தானே இருக்கு?"

ஒன்பதாவது, கடைசி இன்னிங்ஸ். முதல் ஆள் உருட்டினான், அவுட். இரண்டாவது ஆள் வானத்துக்கு அடித்தான், போமன் பிடித்தான். இன்னும் ஒரே ஒருத்தன். மைதானம் முழுக்க எழுந்து நின்றது. யாரும் கத்தவில்லை. மாவு பிசைகிற மாதிரி எல்லோரும் தொப்பிகளைப் பிசைந்துகொண்டிருந்தார்கள்.

மூன்றாவது ஆள் ஒரு தடியன். யூசேபியோ விரலால் சைகை காட்டினான்: தாழ்வாக, வெளியே. ஆரின் தலையாட்டினார், கையைச் சுழற்றினார். கடைசி நொடியில் தோள் கொஞ்சம் தொய்ந்தது. பந்து தாழ்வாகவும் போகவில்லை, வெளியேயும் போகவில்லை. நட்டநடுவில், கல்யாணத்துக்கு அழைக்கிற மாதிரி போய் நின்றது. தடியன் தன் கண்ணையே நம்ப முடியாமல் அவசரப்பட்டு அடித்தான். மட்டையின் நுனியில் பட்டு, பந்து சொத்தென்று எழும்பி, மூன்று பேர் ஓடிவந்த இடத்தில், மூவருக்கும் எட்டாமல் நடுப்புல்லில் விழுந்தது. தடியன் முதல் தளத்தில் நின்று மூச்சு வாங்கினான். ஆரினைப் பார்க்கவே அவனுக்கு வெட்கமாக இருந்தது.

பலகையில் பூஜ்யம் ஒன்றானது. ஐயாயிரம் பேர் ஒன்றாகப் பெருமூச்சு விட்டதில் கொடிக்கம்பத்தில் கொடி ஆடியது என்று எங்கள் ஊரில் இன்றும் சொல்வார்கள்.

அந்த நொடியில் கொட்டகையில் எல்லோரும் திரும்பிப் பார்த்தார்கள். தண்ணீர்ப் பெட்டிமேல் கால் இல்லை. காலும் இல்லை, காலுக்குச் சொந்தக்காரரும் இல்லை. கழிப்பறைக் கதவு மட்டும் ஆடிக்கொண்டிருந்தது.

"எடுத்துட்டார்!" என்று மட்டையைக் கீழே எறிந்தான் ஒருத்தன். "காலை எடுத்துட்டார் பாவி!"

மேட்டுக்கு யூசேபியோ ஓடி வந்தான். எத்தனையோ இன்னிங்ஸாகக் கட்டி வைத்திருந்த அணை உடைந்தது.

"பெரிசு! உன் பேண்ட்டு பின்னாடி கிழிஞ்சிருக்கு! ஆறாவது இன்னிங்ஸ்ல இருந்து கிழிஞ்சிருக்கு! பூப்போட்ட ஜட்டி! ஊரே பாத்துச்சு, சொல்லவும் முடியாம சிரிக்கவும் முடியாம நான் செத்தேன்! உன் வலது காலை நீட்டும்போது பரப்பாதேன்னு நாலு தடவை சொல்ல வந்தேன்! அந்தத் தடியனுக்கு ஏன்யா நடுவுல போட்டே? எனக்குப் பெண் குழந்தை பொறந்திருக்குன்னு ஏழாவதுல போன் வந்துச்சு, அதைக்கூட உன்கிட்ட சொல்ல முடியலை!"

"பொண்ணா?" என்றார் ஆரின். பேண்ட்டின் பின்பக்கத்தைத் தடவிப் பார்த்தார். கை உள்ளே போயிற்று.

"பொண்ணு! மூணரை கிலோ! உன் பந்தைவிட வேகமா வந்திருக்கா!"

கொட்டகையிலிருந்து பர்ல் நடந்து வந்தார். கல்லறைக்குப் போகிற நடை. யூசேபியோ முகத்தைப் பார்த்துவிட்டுச் சற்றுத் தள்ளி நின்றுகொண்டான். பர்ல் தரையைப் பார்த்தார். இங்கே விரிப்பு இல்லை, செம்மண்தான்.

"ஆரின்..."

"உக்காருன்னு மட்டும் சொல்லாதீங்க தலைவரே. இங்க நாற்காலி இல்லை."

"உனக்குத் தெரியுமா?"

"ஒட்டுப்பலகைச் சுவர். சொல்லித் தொலைங்க."

"உன்னை எடுத்துட்டாங்கடா. எனக்கு இதுல..."

"தெரியும்."

நடுவர் விறுவிறுவென்று வந்தார். "என்ன நடக்குது இங்க? பஞ்சாயத்தா?"

"இவனை வேலையை விட்டு எடுக்கறேன்" என்றார் பர்ல், கண்ணைத் துடைத்துக்கொண்டு.

நடுவர் இருவரையும் மாறி மாறிப் பார்த்தார். "சீக்கிரம் எடுங்கய்யா, என் பொண்டாட்டி சாப்பாட்டை எடுத்து வெச்சிருப்பா" என்று சொல்லிவிட்டு, ஏனோ அவசரப்படுத்தாமல் திரும்பிப் போய்த் தன் இடத்தில் நின்றார்.

பர்ல் வழக்கம்போல் கையை நீட்டினார். பந்தை அந்தக் கையில் கொடுக்க வேண்டும், அதுதான் முறை. ஆரின் கொடுக்கவில்லை.

"இத்தனை தடவை என்னை எடுத்திருக்காங்க தலைவரே. ஒரு தடவைகூடக் கையில பந்து இருந்ததில்லை. இன்னைக்கு இருக்கு. இன்னும் ஒருத்தன்தானே?"

"அடி வாங்கிட்டா?"

"வாங்கினா என்ன பண்ணுவீங்க? வேலையை விட்டு எடுப்பீங்களா?"

பர்லுக்கு அழுகையிலேயே சிரிப்பு வந்துவிட்டது. நீட்டிய கையால் ஆரினின் முதுகில் ஒரு அறை கொடுத்துவிட்டு, வெறுங்கையோடு திரும்பி நடந்தார். போகிற வழியில் திரும்பி, "பேண்ட்டைப் பாத்துக்கோ" என்றார்.

அடுத்து வந்த மரவெட்டி, முதல் தளத்தில் நிற்கும் தடியன் ஓடி வந்தாலே சமன் என்ற தெம்பில் மட்டையைச் சுழற்றிச் சுழற்றிக் காட்டினான். ஆரின் முதல் பந்தை மெதுவாகப் போட்டார், அவன் விட்டுவிட்டான். இரண்டாவதை இன்னும் மெதுவாகப் போட்டார், கோட்டுக்கு வெளியே அடித்தான்; இன்னும் ஒன்று தவறினால் அவுட். மூன்றாவதை, யூசேபியோவே தூக்கம் வரும் என்று பயந்த அளவுக்கு மெதுவாகப் போட்டார். மரவெட்டி பல்லைக் கடித்துக்கொண்டு காத்தான், காத்தான், தாங்க முடியாமல் சுழற்றினான். அவன் ஒரு முழுச் சுற்றுச் சுற்றித் தரையில் உட்கார்ந்த பிறகுதான் பந்து வந்து கையுறைக்குள் நுழைந்தது.

ஆட்டம் முடிந்தது. கெளுத்திகள் வென்றார்கள். போமன் ஆரினைத் தூக்கித் தோளில் வைத்துக்கொண்டு ஓட, பூப்போட்ட ஜட்டியைக் கடைசியாக ஒருமுறை ஊர் பார்த்தது.

எல்லோரும் குளிக்கப் போன பிறகு ஆரின் உடைமாற்றும் அறையில் தனியாக உட்கார்ந்து தோளுக்கு ஐஸ் வைத்துக்கொண்டிருந்தார். பிரெஸ்டன் உள்ளே வந்தார். சட்டை கசங்கியிருந்தது. முகத்தில் கொலை செய்தவனின் களை. வழி நெடுக ஆட்டக்காரர்கள், வேர்க்கடலை விற்பவர், டிக்கெட் கிழிப்பவர் வரை எல்லோரும் அவர் காலைப் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டியிருந்தார்கள்.

"மிஸ்டர் டாக்கெட்" என்றார். குரல் உடைந்தது. "நான் இதையெல்லாம் நம்பறவன் இல்லை. ஆனா ஆறாவதுல அந்தக் குள்ளன் எப்படிப் பிடிச்சான்? ஏழாவது, எட்டாவது... நான் கால் வெச்சிருந்த வரைக்கும் ஒண்ணும் ஆகலை. எடுத்த அதே பந்துல..." அவர் பெஞ்சில் சரிந்து உட்கார்ந்தார். "தலைமை ஆபீஸுக்கு நான் இன்னும் போன் பண்ணலை. பண்ணாமலே இருந்துடலாம். அந்தச் சிப்பி தின்ன ஆளுக்கு உடம்பு சரியில்லைன்னு எழுதி, அவர் இடத்துல புது ஆளைப் போட்டு, உங்களை இந்த சீசன் முழுக்க வெச்சுக்க முடியும். நான் உங்ககிட்ட இருந்து பறிச்சதுக்கு அதையாவது செய்யணும். உண்மையைச் சொல்லுங்க. என் காலாலதானே அந்த அடி விழுந்தது?"

ஆரின் அவரைப் பார்த்தார். ஆமாம் என்று ஒரு வார்த்தை. அதுவும் வேண்டாம், ஒரு பெருமூச்சு போதும். இலையுதிர் காலம் வரை பந்து கையில் இருக்கும், டயர் கடை தள்ளிப்போகும். அவருக்கு வாய் வரை வந்துவிட்டது.

"இல்ல சார்" என்றார்.

"நிஜமாவா?"

"தாழ்வா, வெளிய போட வேண்டிய பந்து. தோள் இறங்கிடுச்சு. கையை விட்டுப் போகும்போதே எனக்குத் தெரியும். அது என் பந்து சார், நான் போட்டது. உங்க காலுக்கும் அதுக்கும் சம்பந்தமில்லை."

பிரெஸ்டன் நீண்ட மூச்சு விட்டார். அவர் முகத்தில் நிறம் திரும்பியது, தோள்கள் நிமிர்ந்தன, படிப்பும் பட்டமும் ஒவ்வொன்றாக வந்து உட்கார்ந்தன. எழுந்து கைகுலுக்கினார். "ரொம்ப நன்றி. மனசுல இருந்த பாரமே போச்சு" என்றார். பிறகு கொஞ்சம் தயங்கி, "அப்ப நான் அந்த போனை..."

"பண்ணுங்க" என்றார் ஆரின்.

இந்த அறைக்கும் மேனேஜர் ஆபீஸுக்கும் நடுவிலும் ஒட்டுப்பலகைச் சுவர்தான்; அதற்கு அப்பால் போன் டயல் சுழலும் சத்தம் தெளிவாகக் கேட்டது. ஆரினுக்கு வயிறு எரிந்தது. நன்றாகவே எரிந்தது, பொய் சொல்வதற்கில்லை. ஆனால் அன்றைக்கு அவர் போட்ட அத்தனை பந்துகளில், அந்த ஒரு மோசமான பந்தைக்கூட இன்னொருத்தர் காலுக்கு விட்டுக்கொடுக்க அவருக்கு மனம் வரவில்லை.